தவணை மாறாது

அன்புள்ள சரவணனுக்கு,

இதைப் போனில் சொல்லியிருக்கலாம். உன் அம்மாவும் அதைத்தான் சொன்னாள். ஆனால் போனில் யார் எதைக் கேட்டாலும் என் வாயில் முதலில் வருவது "சரி" என்ற சொல்தான். வைத்த பிறகுதான் யோசனை வரும். அது உனக்கும் தெரியும். அதைத் தெரிந்துதான் நீயும் போனிலேயே கேட்டாய் என்று இப்போது தோன்றுகிறது. தப்பாகவும் இருக்கலாம். என் தோன்றல்களை நானே அதிகம் நம்புவதில்லை. ஆனாலும் எழுதிவிடுகிறேன். காகிதத்தில் எழுதும்போது எதிரே யாரும் இல்லை. முகம் வாடுவதைப் பார்க்க வேண்டியதில்லை.

போன வாரம் செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு ஒரு பெண் கூப்பிட்டாள். நீ கடன் வாங்கப்போகும் நிறுவனத்திலிருந்து பேசுவதாகச் சொன்னாள். "சார், உங்க சன் அப்ளை பண்ணியிருக்க ஹோம் லோனுக்கு, உங்க ராஜபாளையம் வீட்டையும் சேர்த்து அடமானம் தர்றதா போட்டிருக்காங்க. உங்களுக்குச் சம்மதம்தானே சார்?" என்றாள். அதுவரை எனக்கு அப்படி ஒரு விஷயம் தெரியாது. பொங்கலுக்கு வந்தபோது "பத்திரத்தோட ஜெராக்ஸ் ஒண்ணு வேணும்ப்பா, சும்மா ரெக்கார்டுக்கு" என்று வாங்கிப் போனாய். நானே போய் நகல் எடுத்து, பக்கங்களை வரிசைப்படுத்தி, ஓரத்தில் பின் அடித்துக் கொடுத்தேன். அந்தப் பெண்ணிடம் "சரிம்மா" என்று சொன்னேன். அன்று சாயங்காலம் நீ கூப்பிட்டாய். "அடுத்த வெள்ளிக்கிழமை வாரேன்ப்பா, ஒரிஜினல எடுத்து வைங்க. நீங்க ஒரு பைசா கட்ட வேண்டாம். ஒரே ஒரு கையெழுத்துதான். மாசத் தவணை மாறவே மாறாது, அதெல்லாம் பேசிட்டேன்" என்றாய். அதற்கும் சரிப்பா என்றேன்.

நீ வாங்கப்போவது எழுபது லட்சம். முப்பது வருஷம். உன் வேலை நின்றால், அல்லது நீ கட்ட முடியாமல் போனால், சென்னையில் அந்த ஏழாவது மாடி வீடு மட்டும் போகாது. நானும் உன் அம்மாவும் இருக்கிற இந்த வீடும் சேர்ந்து போகும். இதை நீ சொல்லவில்லை. அந்தப் பெண்ணும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. கேட்காமல் இருந்து நான் ஏற்கெனவே ஒரு தடவை வாங்கிக் கட்டிக்கொண்டவன். அந்தக் கதையை உனக்கு இதுவரை சொன்னதில்லை. உன் அம்மாவுக்கே போன வாரம்தான் தெரியும். அதைச் சொல்லிவிட்டு, பத்திர விஷயத்துக்கு வருகிறேன்.

நீ ஏழாம் வகுப்பு படிக்கும்போது இந்த வீட்டைக் கட்டினோம். அதற்கு முன் தென்காசி சாலையை ஒட்டிய வாடகை வீட்டில் இருந்தோம். மழை பெய்தால் உன் பாடப் புத்தகங்களைப் பீரோ மேல் ஏற்றி வைப்போம். மில்லில் நூலின் தரம் பார்க்கும் சோதனைக் கூடத்தில் எனக்குக் கண்காணிப்பாளர் வேலை. சங்கரலிங்கம், நீ சங்கர மாமா என்று கூப்பிடுவாயே, அவன் ஸ்டோர்ஸில் இருந்தான். பதினெட்டு வயதிலிருந்து சேர்ந்து டீ குடித்தவர்கள் நாங்கள். மில்லில் ஆள் குறைத்தபோது அவன் முன்கூட்டியே கணக்கு முடித்துக்கொண்டு, வீட்டுக் கடன் வாங்கித் தருகிற முகவர் ஆனான். ஸ்ரீவில்லிபுத்தூர் ரத வீதிப் பக்கம், பால்கோவாக் கடைக்கு மேல் மாடியில் அவனுடைய நிறுவனத்தின் கிளை இருந்தது. எனக்கு ஆறு லட்சம் தேவைப்பட்டது. பதினைந்து வருஷம், ஏழரை சதவீத வட்டி, மாதம் ஐயாயிரத்து ஐந்நூற்று அறுபத்திரண்டு ரூபாய். நான் பயந்து பயந்து இருபது கேள்விகளை ஒரு தாளில் எழுதிக்கொண்டு போனேன். நாலாவது கேள்வியிலேயே சங்கரலிங்கம் தாளைப் பிடுங்கி மடித்து என் சட்டைப் பையில் செருகினான்.

"ஏலே, நீ என்ன பரிட்சைக்கா வந்திருக்கே? ஒரு வார்த்தைல சொல்லுதேன் கேட்டுக்கோ. தவணை மாறாது. அம்புட்டுத்தான்."

அந்த ஒரு வார்த்தையில்தான் நான் விழுந்தேன். நம் ஊரில் தவணை என்றால் கட்டுகிற தொகை, கட்டி முடிக்கிற காலம் இரண்டும்தான். "ரெண்டு மாசம் தவணை குடுங்க" என்றால் அது காலம். "இந்த மாசத் தவணையைக் கட்டிட்டேன்" என்றால் அது பணம். அவன் சொன்னதை இரண்டுக்குமாக எடுத்துக்கொண்டேன். தொகையும் மாறாது, காலமும் மாறாது. அவன் சொன்னது ஒன்றை மட்டும். கணிதத்தில் பட்டம் வாங்கியவன் நான். ஒரு சொல்லுக்கு இரண்டு மதிப்பு இருந்தால் எந்த மதிப்பு என்று முதலில் கேட்க வேண்டும் என்று தெரியாதவன் இல்லை. ஆனால் பக்கத்தில் நின்றது சங்கரலிங்கம். அவனிடம் விளக்கம் கேட்பது, அவனை நம்பவில்லை என்று சொல்வதுபோல இருந்தது.

முன்பணத்துக்கு உன் அம்மாவின் ஆறு வளையல்கள் போயின. "கடன் முடிஞ்ச அடுத்த மாசமே திருப்பி வாங்கித் தந்துடுவேன்" என்றேன். "எந்த மாசம்னு எழுதிக் குடுங்க" என்று சிரித்துக்கொண்டே கேட்டாள். நிஜமாகவே எழுதிக் கொடுத்தேன். வரைபடத் தாள் ஒன்றில் நூற்றியெண்பது கட்டங்கள் போட்டு, கடைசிக் கட்டத்தை அவளுக்குக் காட்டினேன். அது நான் ஓய்வு பெறுகிற மாதம். கடைசிச் சம்பளத்தில் கடைசித் தவணை. அந்தப் பொருத்தத்தில் எனக்கு ஒரு பெருமை இருந்தது. ஒவ்வொரு மாதமும் ஐந்தாம் தேதி ஒரு கட்டத்தில் பச்சை மையால் குறுக்குக்கோடு போடுவேன். நீ பன்னிரண்டாவது படித்தாய், கிருஷ்ணன்கோவிலுக்குக் கல்லூரிப் பேருந்தில் போய் வந்தாய், சென்னைக்கு வேலைக்குப் போனாய். நான் கோடு போட்டுக்கொண்டே இருந்தேன்.

நூற்றியெண்பதாவது தவணையைக் கட்டிய மறுநாள் ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் பேருந்து ஏறினேன். பத்திரத்தை வாங்கி வர ஒரு புது உறை எடுத்துப் போயிருந்தேன். கீழே கடையில் அரைக் கிலோ பால்கோவா வாங்கிக்கொண்டு மாடி ஏறினேன். மேலாளர் உன் வயதுப் பையன். கணினியைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், மறுபடி கணினியைப் பார்த்தான்.

"சார், இன்னும் நூத்திப்பத்து இருக்கே."

"நூத்திப்பத்து ரூபாயா?" என்று பையைத் தொட்டேன். ஏதோ சேவைக் கட்டணம் என்று நினைத்தேன்.

"இல்ல சார். நூத்திப்பத்து மாசம். அசல் மட்டும் மூணு லட்சத்து எண்பத்தி நாலாயிரத்துச் சொச்சம் நிக்குது. ஃப்ளோட்டிங் ரேட் சார், வட்டி அப்பப்ப மாறும். ரெண்டு வருஷத்துலயே ஏழரைல இருந்து பதினொண்ணுக்கு ஏறிருக்கு. அப்ப மாசத் தொகையை ஏத்தாம, காலத்த நீட்டிருக்காங்க."

"தவணை மாறாதுன்னு சொன்னாங்களே தம்பி."

"மாறலையே சார். அதே ஐயாயிரத்து ஐந்நூத்தி அறுபத்திரண்டுதானே இன்னிக்கு வரைக்கும் கட்டிட்டு வர்றீங்க?"

அவன் கேலி செய்யவில்லை. உண்மையாகவே எனக்கு ஆறுதல் சொல்வதாக நினைத்துத்தான் சொன்னான். நான் அதற்குள் பத்து லட்சம் ரூபாய் கட்டியிருந்தேன். வாங்கியது ஆறு. அதில் இரண்டு லட்சத்துச் சொச்சம்தான் கரைந்திருந்தது. மேசையைத் தட்டி நாலு வார்த்தை கேட்டிருக்க வேண்டும். நான் என்ன செய்தேன் தெரியுமா? பால்கோவாவை மேசைமேல் வைத்தேன். "எதுக்கு சார்?" என்றான். "சும்மாதான்" என்று சொல்லிவிட்டு இறங்கி வந்துவிட்டேன். ராஜபாளையம் வந்து சேரும்வரை மடியில் அந்தக் காலி உறை இருந்தது.

வீட்டுக்கு வந்து கடன் கோப்பை எடுத்தேன். பதினைந்து வருஷக் கடிதங்களும் தேதி வாரியாக, இரண்டு துளை போட்டு, நாடா கட்டி இருந்தன. ஒன்றுகூடத் தவறவில்லை. வட்டி ஏறியதைச் சொல்லும் இரண்டு கடிதங்களும் இருந்தன. ஆங்கிலத்தில், மூன்று பத்திகள். முதல் பத்தியில் உங்கள் மாதத் தவணையில் மாற்றம் இல்லை என்று தடித்த எழுத்தில் இருந்தது. மூன்றாவது பத்தியில், சிறிய எழுத்தில், எத்தனை மாதம் கூடுகிறது என்ற எண் இருந்தது. அந்த எண்ணை யாரும் என்னிடமிருந்து ஒளிக்கவில்லை. வந்த கடிதத்தின் முதல் பத்தியைப் படித்துவிட்டு, நிம்மதியாகத் துளை போட்டுக் கோத்து வைத்தவன் நான். மில்லில் ஒரு நூல்கண்டை ஐந்து இடத்தில் சோதிக்காமல் விட மாட்டேன். பதினைந்து வருஷம் என் வீட்டுக்குள் வந்த காகிதத்தை ஓர் இடத்தில்கூடச் சோதிக்கவில்லை. கோப்பில் சேர்ப்பதையே படிப்பது என்று நினைத்துக்கொண்டிருந்திருக்கிறேன்.

அன்று பேனாவை எடுத்து ஒரு கணக்குப் போட்டேன். அதுதான் இன்றும் என்னை விடுவதில்லை. வட்டி ஏறிய அந்த இரண்டாவது வருஷத்திலேயே, மாதம் ஆயிரத்து நூற்றிருபது ரூபாய் கூடக் கட்டியிருந்தால், வட்டி பதினொன்றிலேயே இருந்திருந்தாலும், சரியாக நூற்றியெண்பதாவது மாதம் கடன் முடிந்திருக்கும். என்னால் கட்டியிருக்க முடியும். அந்த வருஷம்தான் எனக்குச் சம்பளம் கூடியிருந்தது. யாராவது ஒருவர் அந்த எண்ணைத் தமிழில் என்னிடம் சொல்லியிருந்தால் போதும்.

சொல்லியிருக்கக்கூடியவன் ஒருவன் இருந்தான். தளவாய்புரத்தில், அவனும் அதே நிறுவனத்தில் கடன் வாங்கிக் கட்டிய வீட்டுக்குப் போனேன். வாசலில் பைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தான். விஷயத்தைச் சொன்னதும் துடைப்பதை நிறுத்தவில்லை.

"நீ கேக்கவே இல்லையேலே."

"ஒனக்குத் தெரியுமா, தெரியாதா? அத மட்டும் சொல்லு."

"தெரியும். எனக்கும் அதே லெட்டர்தான் வந்துச்சு. நான் போயி ஒரு மனுவ எழுதிக் குடுத்து, ஐயாயிரம் கட்டணம் கட்டி, வட்டியக் கொறச்சுக்கிட்டேன். புதுசா வாரவனுக்குக் கம்மி வட்டி, பழைய ஆளுக்குக் கூட. போயிக் கேட்டாக் கொறைப்பான். கேக்கலைன்னா பேசாம இருப்பான்."

"எப்போ கொறச்சே?"

"அது ஆச்சு, பத்து வருசம்."

பத்து வருஷம். அந்தப் பத்து வருஷமும் தினம் சாயங்காலம் ஒரே கடையில் ஒரே பெஞ்சில் டீ குடித்தோம். கிரிக்கெட் பேசினோம். அவன் மகள் கல்யாணத்துக்கு மொய் எழுதுகிற இடத்தில் உட்கார்ந்தவன் நான். "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமேலே" என்றேன்.

"பழைய ஆளுக யாருக்கும் நீங்களாச் சொல்லாதீகன்னு ஆபீஸ்ல சொல்லிட்டான். சொன்னா என் கமிஷன்ல கை வப்பான்" என்றான். பிறகு துணியைப் பிழிந்துகொண்டே இன்னொன்றும் சொன்னான். "அதுபோக நீதான் பெரிய கணக்குப் புலியாச்சே. எல்லாத்துக்கும் ஃபைல் போட்டு வச்சிருக்கேன், ஃபைல் போட்டு வச்சிருக்கேன்னு சொல்லிக்கிட்டே இருப்பே. ஒங்கிட்ட வந்து நான் வட்டிக்கணக்கு சொன்னா, ஸ்டோர்ஸ்காரன் எனக்குச் சொல்ல வந்துட்டான்னு நக்கல் அடிப்பேல்ல?"

இந்த இரண்டு காரணங்களில் எது உண்மை என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. கமிஷன் என்றால் அவனை வெறுத்துவிட்டுப் போகலாம். இரண்டாவது என்றால் அதில் எனக்கும் பங்கு உண்டு. அன்றோடு அந்த டீக்கடைக்குப் போவதை நிறுத்தினேன். நீ ஒவ்வொரு லீவிலும் "சங்கர மாமா கூட ஏன்ப்பா பேசறதில்ல" என்று கேட்பாய். "நடக்க முடியல" என்பேன். அவன் இப்போதும் தினமும் காலையில் ஒரு ரோஜாப்பூப் படத்தோடு வணக்கம் அனுப்புகிறான். நான் திறந்து பார்த்துவிட்டு மூடி வைக்கிறேன்.

இனிமேல் சொல்லப்போவது சங்கரலிங்கம் செய்தது இல்லை. நான் செய்தது. என் வருங்கால வைப்பு நிதியும் பணிக்கொடையும் வந்தபோது, உன் கல்லூரிக்கு முன்பே எடுத்தது போக மிஞ்சியதை எல்லாம் போட்டு, அந்த மூன்று லட்சத்து எண்பத்து நாலாயிரத்தையும் கட்டிக் கடனை முடித்தேன். ஆறு லட்சத்துக்கு மொத்தம் பதிமூன்று லட்சத்து எண்பத்தைந்தாயிரத்துக்கு மேல். முடிக்காமல் அப்படியே விட்டிருந்தால் பதினாறு லட்சம் தாண்டியிருக்கும். ஆகவே முடித்தது சரிதான். உன் அம்மாவிடம் அதைச் சொல்லாததுதான் தப்பு. பத்திரத்தை அவள் கையில் கொடுத்து, "கடன் முடிஞ்சது" என்றேன். ஓய்வுப் பணம் எல்லாம் நீண்ட கால டெபாசிட்டில் கிடக்கிறது, இப்போது எடுத்தால் வட்டி போய்விடும் என்றேன். வளையலைப் பற்றி அவளாகக் கேட்கவில்லை. நானும் பேச்சை எடுக்கவில்லை.

அடுத்த வருஷம் அவளுக்கு முழங்கால் வலி வந்தது. மதுரையில் டாக்டர் இரண்டு காலுக்கும் அறுவைச் சிகிச்சை செய்துவிடலாம் என்றார். செலவைக் கேட்டுவிட்டு வெளியே வந்ததும், "டெபாசிட்டு எப்ப முதிரும்?" என்றாள். "இன்னும் நாலு வருஷம்" என்றேன். "அப்ப நாலு வருசம் நொண்டிட்டுப் போறேன்" என்று பேருந்து ஏறினாள். உனக்குப் போன் செய்தால் உடனே அனுப்பியிருப்பாய். நீ அப்போதுதான் கார் வாங்கியிருந்தாய், உன்னிடம் கேட்கக் கூடாது என்று அவளும், கேட்டால் டெபாசிட் எங்கே என்று நீ கேட்பாய் என்று நானும் பேசாமல் இருந்தோம். நாலு வருஷம் போய் ஆறு வருஷம் ஆகிவிட்டது. நடுவில் ஒருநாள் பக்கத்து வீட்டு அம்மாளிடம், "எங்க வீட்டு டெபாசிட்டு, பேரன் பொறந்து அவன் வேலைக்குப் போனாத்தான் முதிரும் போல" என்று அவள் சொன்னது எனக்குக் கேட்டது. எனக்குக் கேட்கவேண்டும் என்றுதான் சொன்னாள்.

இப்போது உன் கடனுக்கு வருகிறேன். அன்று போனை வைத்த பிறகு நீ அனுப்பிய கடன் விவரத் தாளை வைத்து மூன்று நாள் கணக்குப் போட்டேன். மூன்று தடவையும் ஒரே விடைதான் வந்தது. எழுபது லட்சம், எட்டரை சதவீதம், முப்பது வருஷம். மாதம் ஐம்பத்து மூவாயிரத்து எண்ணூற்று இருபத்து நாலு ரூபாய். முதல் மாதம் நீ கட்டுகிற பணத்தில் நாலாயிரத்து இருநூற்று நாற்பது ரூபாய்தான் அசலில் கழியும். மீதி நாற்பத்தொன்பதாயிரத்து ஐந்நூற்றுச் சொச்சமும் வட்டி. முப்பது வருஷ முடிவில் நீ கொடுத்திருப்பது ஒரு கோடியே தொண்ணூற்று மூன்று லட்சத்துக்கும் மேல். அப்போது உனக்கு அறுபத்து மூன்று வயது. இதே கடனை இருபது வருஷத்துக்கு வாங்கினால் மாதம் ஏழாயிரம்தான் கூடுகிறது. மொத்தத்தில் நாற்பத்தெட்டு லட்சம் குறைகிறது. அந்த ஏழாயிரம் முடியாது என்றால், அந்த வீடு உனக்கு முடியாது என்று அர்த்தம். இதைச் சொல்ல எனக்குக் கஷ்டமாகத்தான் இருக்கிறது.

இன்னொன்று. தவணை மாறாது என்று நீ போனில் சொன்னாயே, அந்தச் சொல் உனக்கு யார் கொடுத்தது? வட்டியை ஒரே ஒரு சதவீதம் ஏற்றிப் பார். ஒரு வருஷம் கட்டிய பிறகும், அந்த மாதாந்தரத் தொகை வட்டிக்கே போதாது. காலத்தை எவ்வளவு நீட்டினாலும் கடன் முடியாது, ஏறிக்கொண்டுதான் போகும். அப்போது தொகையை மாற்றித்தான் ஆக வேண்டும். ஆகவே உன்னிடம் அப்படிச் சொன்னவர் தெரியாமல் சொல்லியிருக்கலாம், தெரிந்தும் சொல்லியிருக்கலாம். எப்படியோ, நீ எந்தக் கடன் வாங்கினாலும் வட்டி ஏறினால் காலத்தை நீட்ட வேண்டாம், தொகையை ஏற்றுங்கள் என்று எழுத்தில் கொடு. வருஷத்துக்கு ஒரு தடவை எத்தனை மாதம் பாக்கி என்று மட்டும் கேள். எவ்வளவு பாக்கி என்பதைவிட அந்தக் கேள்வி முக்கியம். புதிதாக வருகிறவனுக்கு என்ன வட்டி கொடுக்கிறார்கள் என்று விசாரி. உன்னுடையதைவிடக் குறைவாக இருந்தால் அன்றே மனு எழுது. கையில் கூடுதலாகப் பணம் வந்தால் ஆரம்ப வருஷங்களிலேயே அசலில் கட்டு. இருபதாவது வருஷத்தில் கட்டுகிற லட்சம் அந்த அளவு வேலை செய்யாது. ஐம்பது லட்சத்துக்குள், இருபது வருஷத்துக்குள் முடிகிற வீடு ஒன்றை நகரத்துக்குக் கொஞ்சம் வெளியே பார்க்க முடியுமா என்று யோசி. அதற்கு இந்த வீட்டை அடமானம் வைக்கத் தேவை வராது.

உன்மேல் எனக்குக் கோபமா என்று கேட்டால், கோபம் என்று சொல்ல வரவில்லை. ஜெராக்ஸ் வாங்கிப் போன அன்று நீ என் கண்ணைப் பார்த்துப் பேசவில்லை. அது இப்போது ஞாபகம் வருகிறது. சங்கரலிங்கம் சொல்லாமல் இருந்ததும், நீ சொல்லாமல் இருந்ததும், நான் உன் அம்மாவிடம் சொல்லாமல் இருந்ததும் என் மனதில் ஒரே கோப்பில் போய்ச் சேர்ந்துகொண்டன. அதில் என்னுடையதுதான் பெரியது. ஆகவே உன்னைத் திட்டுகிற தகுதி எனக்கு இருக்கிறதா என்று சந்தேகம். ஆனால் வலிக்கிறது. அதையும் எழுதாமல் விட்டால் இந்தக் கடிதமும் பாதிப் பொய்யாகிவிடும்.

அந்தப் பெண்ணிடம் நான் "சரிம்மா" என்று சொன்னதை உன் அம்மா அடுப்படியிலிருந்து கேட்டிருக்கிறாள். "யாருக்கு என்னத்துக்குச் சரி சொன்னீக?" என்றாள். அன்று எனக்குப் பொய் வரவில்லை. உட்கார வைத்து எல்லாவற்றையும் சொன்னேன். உன் கடன், என் கடன், டெபாசிட் என்று ஒன்று இல்லவே இல்லை என்பதுவரை. அவள் சத்தம் போடவில்லை. "மொத்தம் எம்புட்டுப் போச்சு?" என்றாள். சொன்னேன். விரலை மடக்கி ஏதோ எண்ணினாள். "எழுதிக் குடுத்தீகளே, அந்த ஆறு வளையல், இதுல எத்தன தடவ வரும்?" என்றாள். எனக்குப் பதில் தெரியும். இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. குக்கரோடு பேசினாள். "ஆறு வருசம் மாடிப்படி ஏறாம, மொட்டை மாடில ஒரு வத்தல் காயப்போடாம இருந்தேன். எதுக்கு? இல்லாத டெபாசிட்டு முதிரணும்னு" என்று குக்கரிடம் சொன்னாள். மூன்றாவது நாள் என் எதிரே வந்து நின்றாள். "அவன் வந்து கேட்டா நீங்க என்ன சொல்லுவீக?" என்றாள்.

நான் யோசித்தேன். என் பதில் வேண்டாம் என்பதுதான். இதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் நீ வந்து, சாப்பிடாமல், "இது கூடச் செய்ய மாட்டீங்களாப்பா" என்று ஒரு தடவை கேட்டால் போதும். அதற்கு மேல் என்னால் தாங்க முடியாது. அதை மறைக்காமல் அவளிடம் சொன்னேன். "கையெழுத்துப் போட்டுருவேன்னு நினைக்கேன்" என்றேன். அவள் என்னைப் பார்த்த பார்வையை எழுதத் தெரியவில்லை.

நேற்று, திங்கட்கிழமை, நாங்கள் இருவரும் சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போனோம். இந்த வீட்டை அவள் பெயருக்குச் செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்துவிட்டேன். யோசனை என்னுடையதுதான். என் வாழ்க்கையில் யாரையும் கேட்காமல் நானாக எடுத்த முடிவு இது ஒன்றுதான் என்று நினைக்கிறேன். அங்கே எழுத்தர், "உங்களுக்கு ஒரே பையன்னு சொல்றீங்க, பையனுக்குத் தெரியுமா சார்?" என்றார். "லெட்டர் போடப் போறேன்" என்றேன். நான் என் இடத்தில் கையெழுத்துப் போட்டேன். அவள் பேனாவை வாங்கிக் கீழே வைத்துவிட்டு, முதல் பக்கத்திலிருந்து படிக்க ஆரம்பித்தாள்.

கண்ணாடியை இறக்கி, வரிக்கு அடியில் விரல் வைத்து, ஒவ்வொரு வரியாக. நான்கு எல்லைகளையும் படித்தாள். வடக்கு எல்லையில் பக்கத்து வீட்டுக்காரர் இறந்து போனவர், இப்போது அவர் மகன் பெயர் வரவேண்டும் என்றாள். "அது பழைய பத்திரத்துல இருக்கபடி போட்டிருக்கும்மா" என்றார் எழுத்தர். "அப்ப அப்படின்னு எழுதுங்க" என்றாள். எழுதினார். பின்னால் வரிசையில் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். எனக்கு வழக்கம்போல வெட்கமாக இருந்தது. "எல்லாரும் கையெழுத்துப் போட்டுட்டுப் போயிட்டே இருக்காக தாயி" என்று ஒரு பெரியவர் சொன்னார். "போறவுக போகட்டும்யா" என்று அவரைத் திரும்பிப் பார்க்காமலே சொல்லிவிட்டு அடுத்த பக்கத்தைத் திருப்பினாள். முக்கால் மணி நேரம் ஆயிற்று. பதினோரு பக்கம். கடைசி எழுத்துவரை படித்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டாள்.

கட்டடக்காரரிடம் நீ முன்பணம் இரண்டு லட்சம் கொடுத்திருப்பது எனக்குத் தெரியும். இந்தக் கடிதத்தால் அது போகலாம். அதற்கு நானும் ஒரு காரணம். போன செவ்வாய்க்கிழமை நீ கூப்பிட்டபோதே சொல்லியிருக்க வேண்டும். உனக்குக் கோபம் வரும். வரட்டும். அதை வைத்துக்கொண்டு வராமல் இருந்துவிடாதே.

வீடு இப்போது அவளுடையது. பத்திரமும் அவளிடம். கேட்பதானால் நீ அவளிடம்தான் கேட்க வேண்டும். வெள்ளிக்கிழமை வரும்போது அந்த நிறுவனம் உன்னிடம் கொடுத்த காகிதம் அத்தனையையும் கொண்டு வா, ஒன்றையும் விட்டுவிடாதே. ஆங்கிலத்தில் இருப்பதை நீயே வரி வரியாகத் தமிழில் அவளுக்குச் சொல்ல வேண்டும் என்கிறாள். உன் அலுவலகத்தில் அரைநாள் விடுப்புத்தான் கேட்டிருப்பதாகச் சொன்னாய். அது போதாது.

இப்படிக்கு,
அப்பா